டிஷ்யூவில் சுற்றிய பல்செட்

கப்பலில் அவருக்குச் சல்லடை என்று பெயர். பெற்றோர் வைத்த பெயர் அடையாள அட்டையில் பத்திரமாக இருந்தது; அதை எடுத்துப் புழங்குவார் இல்லை. உல்லாசக் கப்பல் ஒன்றின் குப்பை பிரிக்கும் அறைக்கு அவர் தலைமைப் பணியாளர். தம் கையைத் தாண்டி ஒரு துரும்புகூடத் தவறான தொட்டிக்குப் போகாது என்பதில் அவருக்குப் பெருமை. அந்தப் பெருமையைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்த சக பணியாளர்கள் வைத்த பெயர் அது.

விளம்பரத் தாள்களில் அந்தக் கப்பலைப் பார்த்தவர்கள் நீச்சல் குளத்தையும், கண்ணாடி மின்தூக்கியையும், மாலையில் விளக்குகள் ஒளிரும் மேல்தளத்தையும் பார்த்திருப்பார்கள். சல்லடை கண்ட கப்பல் வேறு. அது நீர்மட்டத்துக்கு அருகே, கனத்த இரும்புக் கதவுக்குப் பின்னால், ஜன்னல் இல்லாத நீண்ட அறை. நடுவில் எஃகு மேசை. மேலே உண்டு மகிழ்ந்தவர்கள் மிச்சம் வைத்தவையெல்லாம் மூட்டை மூட்டையாக இறங்கிக்கொண்டே இருக்கும். அவிழ்த்து, மேசையில் பரப்பி, கையாலேயே பிரிக்க வேண்டும். கண்ணாடியை நொறுக்குவதற்கு ஓர் இயந்திரம். தகரத்தை அழுத்துவதற்கு ஒன்று. காகிதத்துக்கும் அட்டைக்கும் உலை. உணவு மிச்சத்துக்கு அரவை இயந்திரம். அரைத்த கூழைக் கரையிலிருந்து வெகுதூரம் போன பிறகே கடலில் விடலாம் என்பது சட்டம். அதில் ஒரு பிளாஸ்டிக் கரண்டி அகப்பட்டால் இயந்திரம் நின்றுவிடும். நிற்காமல் அரைத்துவிட்டால் அதைவிட மோசம். கரண்டி கடலுக்குப் போய்விடும்.

அந்த அறைக்கு எழுதாத சட்டம் ஒன்றும் உண்டு. ஒரு தொட்டியைப் பாதி பார்த்துக்கொண்டிருக்கும்போது அப்பால் போக நேர்ந்தால், மேலங்கியைக் கழற்றி அந்தத் தொட்டியின் விளிம்பில் போட்டுவிட்டுப் போக வேண்டும். இன்னும் பார்த்து முடியவில்லை, தொடாதே என்று அதற்குப் பொருள். விளிம்பில் அங்கி கிடக்கும் தொட்டியை மேலதிகாரிகள்கூடத் தொட்டதில்லை. உலகத்தில் ஒழுங்கு என்று ஒன்று மிஞ்சியிருந்தால் அது அந்த அங்கிக்கு அடியில்தான் இருக்கிறது என்று சல்லடை நம்பினார்.

மற்ற இடங்களில் அவர் ஒழுங்கைக் காணவில்லை. உணவுக் கூடத்தில் நாலு தட்டு நிறைய எடுத்துக்கொண்டு, ஒவ்வொன்றிலும் ஒரு வாய் கடித்துப் பார்த்துவிட்டு எழுந்துபோகும் பயணிகளை அவரால் பொறுக்க முடியவில்லை. ஐஸ்கிரீம் கிண்ணத்துக்குள் சிகரெட் துண்டு, பழத்தோலுக்குள் பேட்டரி, தயிருக்குள் அறைச் சாவி அட்டை. இவற்றைவிட அவரைக் கொதிக்க வைத்தது ஒரு குவளை. நீல மீன்கள் நீந்தும் படத்துக்கு மேலே ‘கடலைக் காப்போம்’ என்று அச்சிட்டிருந்த அந்தக் காகிதக் குவளையை நிறுவனம் புதிதாகக் கொண்டுவந்திருந்தது. முதல் மூட்டை வந்த அன்றே, அதில் ஒன்றைக் கையில் பிடித்துக்கொண்டு கப்பலின் சுற்றுச்சூழல் அதிகாரியான இளம்பெண்ணின் முன்னால் போய் நின்றார்.

“அம்மா, இது காகிதமா, பிளாஸ்டிக்கா?”

“வெளியில காகிதம். உள்ள மெல்லிசா பிளாஸ்டிக் பூச்சு இருக்கு.”

“அப்ப எந்தத் தொட்டியில போடணும்?”

“அதைத்தான் நானும் தலைமை அலுவலகத்துல கேட்டிருக்கேன்.”

“எப்ப பதில் வரும்?”

“போன வருஷம், மாதிரி குவளை வந்தப்பவே கேட்டது.”

“விடுங்க. மேல மீன் படம் போட்டிருக்கே, அதுங்களையே கேட்டுப் பார்த்துடலாம்.”

அந்தப் பெண் நல்லவள். அவளும் தலையில் கைவைத்துக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தாள். அதனால் அவர் மேலும் திட்டவில்லை. அதுவும் ஓர் எரிச்சலாக உள்ளேயே தங்கிவிட்டது.

கப்பலின் உட்புறங்களைச் சுற்றிக் காட்டுவதாகக் கட்டணம் வாங்கிக்கொண்டு, பயணிகளை அவருடைய அறைக்கு அழைத்துவரும் வழக்கமும் இருந்தது. கையுறை மாட்டி, மூக்கைப் பொத்தி, ஓரமாக நின்று பார்ப்பார்கள். அவர் புன்னகைக்க வேண்டும் என்று உத்தரவு. ஒரு தடவை, மேசை நிறையக் கிடந்த ரொட்டிகளைப் பார்த்து ஓர் அம்மாள் வியந்துபோனார்.

“இவ்வளவுமா நாங்க சாப்பிட்டோம்?”

“இல்லீங்கம்மா. இது நீங்க சாப்பிடாதது.”

மறுநாள் அவருக்கு ஓர் அறிவுரைக் கூட்டம் நடந்தது.

கரையில் இறங்கினாலும் நிம்மதி கிடையாது. துறைமுகத் தெருவின் சலவைக் கடைக்காரர் அவருடைய சீருடையைக் கண்டதும் வேலையைப் போட்டுவிட்டு வெளியே வந்துவிடுவார். கப்பல் கரையில் நிற்கும்போதும் விளக்குக்கும் குளிரூட்டிக்கும் இயந்திரம் ஓடிக்கொண்டே இருக்கும். அந்தப் புகை, கொடியில் காயும் துணியில் போய்ப் படியும்.

“வெள்ளையா போட்டா கறுப்பா எடுக்குறேன். கேக்க ஆளில்லையா?”

“நான் குப்பை ஆளுங்க. புகை வேற டிபார்ட்மென்ட்.”

“கடலுக்கு நடுவுல நின்னாலும் டிபார்ட்மென்ட் பேசுவீங்களாய்யா நீங்க!”

அவர் சொல்வது நியாயம் என்று சல்லடைக்குத் தெரியும். நியாயத்தைக் கேட்டுக்கொண்டு சும்மா நிற்பதைவிடக் கடுப்பான வேலை வேறு இல்லை.

இவ்வளவையும் சகித்த அவருக்கு, பெயரைக் கேட்டாலே உடம்பு எரியும் பொருள் ஒன்று இருந்தது. அது பல்செட்.

பயணிகளில் முதியோர் மிகுதி. சாப்பிடும்போது ஏதாவது துணுக்கு பல்செட்டுக்குள் சிக்கிக்கொள்ளும். யாரும் பார்க்காமல் கழற்றி, டிஷ்யூவில் சுற்றி, தட்டின் ஓரத்தில் வைப்பார்கள். பிறகு பேச்சில் மறந்துவிடுவார்கள். பரிமாறுபவர் வந்து தட்டோடு வாரிக்கொண்டு போவார். கால்மணி கழித்து ஒருவர் வாயைப் பொத்தியபடி சேவை மேசைக்கு வருவார். பல் என்று ஒருபோதும் சொல்ல மாட்டார். “ஒரு பொருள் தொலைஞ்சு போச்சு” என்பார். கன்னம் உள்ளே விழுந்திருக்கும். உதடு இரண்டும் கோடு கிழித்தாற்போல் ஒட்டியிருக்கும். கோபமா, அழுகையா என்று புரியாத ஒரு முகம். ஆண்டுகள் செல்லச் செல்ல, அந்த முகத்தைக் கூட்டத்துக்கு நடுவிலும் அவரால் கண்டுகொள்ள முடிந்தது. வேண்டாத வித்தை.

அவருடைய மூத்த மகளின் திருமணத்தைக் கெடுத்ததும் ஒரு பல்செட்தான்.

பயணம் முடிந்து கப்பல் புறப்பட்ட துறைமுகத்துக்கே திரும்பும் நாளில், பழைய பயணிகள் கடைசி ஆள்வரை இறங்கியாக வேண்டும். எண்ணிக்கை பூஜ்யம் என்று அதிகாரிகள் ஒப்புக்கொண்ட பிறகுதான் புதியவர்கள் ஏறலாம். விடுப்பில் போகும் பணியாளர்களும் அதன் பிறகே இறங்கலாம். மறுநாள் திருமணம், அன்று பிற்பகல் விமானம். சல்லடை புதுச் சட்டை போட்டுக்கொண்டு, பெட்டியோடு வரிசையில் நின்றார். எண்ணிக்கை பூஜ்யத்துக்கு வரவில்லை. கணவனும் மனைவியுமாக இரண்டிலேயே நின்றது.

ஓய்வுபெற்ற வங்கி மேலாளர் ஒருவர் உணவுக் கூடத்து நாற்காலியைவிட்டு எழ மறுத்துவிட்டார். பல்செட் கிடைக்காமல் இறங்க மாட்டாராம். விருந்தினர் சேவை மேலாளர் மூச்சிரைக்க ஓடிவந்தார்.

“சல்லடை, ஒரு பத்து நிமிஷம்.”

“சார், நான் லீவுல இருக்கேன். சட்டையைப் பாருங்க.”

“அந்த ஆள் இறங்கினாத்தான் பூஜ்யம். பூஜ்யம் ஆனாத்தான் நீயும் இறங்க முடியும். யோசிச்சுப் பாரு.”

யோசித்துப் பார்த்தார். பெட்டியை வைத்துவிட்டுக் கீழே போனார். காலை உணவின் மூட்டைகள் அத்தனையையும் ஒன்றுவிடாமல் அவிழ்த்தார்கள். அங்கு இருந்தால்தானே கிடைக்கும்? மேலே, வங்கி மேலாளரின் மனைவி கணவருடைய கோட்டை மடித்துவைக்க எடுத்தபோது உள்பையில் ஏதோ இடறியது. நீல மீன் அச்சிட்ட டிஷ்யூப் பொட்டலம்.

“அட, இங்கதானே இருக்கு!” என்றார் அந்த அம்மாள், வீட்டுச் சாவி கிடைத்ததுபோல.

விமானம் அதற்குள் போய்விட்டிருந்தது. அடுத்ததில் இடமில்லை. வீட்டுக்குத் தொலைபேசியில் சொன்னார்.

“கிளம்பிட்டீங்களா?” என்றாள் மனைவி.

“இல்ல. ஒருத்தரோட பல்லைக் காணோம்.”

“என்னது?”

“கிடைச்சிடுச்சு. ஆனா பிளேன் போயிடுச்சு.”

“யார் பல்லு?”

“தெரியல. பேங்க் மேனேஜராம்.”

“நம்ம பொண்ணு கல்யாணத்துக்கு நடுவுல, ஊர் பேர் தெரியாதவன் பல்லு எங்கிருந்துங்க வந்துச்சு?”

அவர் வீடு போய்ச் சேர்ந்தபோது திருமண மண்டபத்து நாற்காலிகளை வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

குடும்பப் படத்தில் பெண்ணின் தகப்பன் நிற்க வேண்டிய இடத்தில் மனைவியின் தம்பி நின்றார். அந்த மைத்துனர் நல்ல பருமன். இருவர் நிற்கும் இடத்தை ஒருவராகவே நிறைத்திருந்தார். சுற்றுலா அலுவலகம் ஒன்றில் கப்பல் பயணச் சீட்டு விற்பது அவர் தொழில். ‘மிதக்கும் சொர்க்கம்’ என்று வாய் ஓயாமல் பேசுவார். கப்பலில் கால் வைத்தது கிடையாது. படத்தை மனைவி பெரிதாக்கி, சாப்பாட்டு மேசைக்கு நேர் எதிரே மாட்டிவைத்தாள். ஒவ்வொரு விடுப்பிலும் சல்லடை அதைப் பார்த்துக்கொண்டே சாப்பிட வேண்டியிருந்தது. பேத்தி பேசப் பழகியதும் ஒருநாள் கேட்டாள்.

“பாட்டி, போட்டோல தாத்தா எங்க?”

“தாத்தா குப்பையில இருக்கார்டா கண்ணு. சாப்பிடு.”

அவர் தட்டைப் பார்த்துக் குனிந்துகொண்டார். பதில் பேசினால், சமையலறைத் தொட்டியில் முட்டை ஓட்டோடு பால் உறையைச் சேர்த்துப் போட்டது யார் என்பதில் போய் முடியும். வீட்டில் தொட்டிகளைப் பிரித்துவைத்து, வண்ணத்தாள் ஒட்டி, மூன்று தடவை வகுப்பும் எடுத்திருந்தார். “அந்தப் புத்தியைக் கப்பல்லயே கழட்டி மாட்டிட்டு வரக்கூடாதா?” என்பது மனைவியின் நிரந்தர வேண்டுகோள்.

இளைய மகளுக்கு வரன் அமைந்தபோது, சல்லடை ஒப்பந்தத்தின் இறுதிப் பகுதியையே விட்டுக்கொடுத்து ஒரு மாதம் முன்னதாக வந்து சேர்ந்தார். மனைவி அவரை எதிரே உட்கார வைத்துச் சொன்னாள்.

“கல்யாணத்தன்னைக்குக் குப்பைத் தொட்டி இருக்குற பக்கம் தலைவச்சுப் படுக்கக்கூடாது. போட்டோ எடுக்கும்போது நீங்க என் பக்கத்துல நிக்கணும். எனக்கு வேற ஒண்ணும் வேணாம்.”

“இதுக்குத்தானே வந்திருக்கேன்!”

“போன தடவையும் சட்டையெல்லாம் போட்டுட்டுத்தான் நின்னீங்களாம்.”

அவருக்கு வெளிர் மஞ்சளில் சட்டை தைத்தார்கள். மைத்துனரும் அதே துணியில் ஒன்று தைத்துக்கொண்டு வந்து நின்றார்.

“உனக்கு எதுக்கு மாப்ளே இதே கலரு?”

“எதுக்கும் இருக்கட்டும் மாமா. கப்பல்காரங்களை நம்ப முடியுமா?”

சிரித்தது வீடு முழுவதும். சல்லடை மட்டும் சிரிக்கவில்லை.

திருமண நாள் காலைப்பொழுது நல்லபடியாகவே போனது. சமையல்காரர்கள் மண்டபத்தின் பின்வாசலில் பெரிய நீலப் பீப்பாய்களை வைத்து, தட்டு, குவளை, சோறு, பாட்டில் என்று எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டிக்கொண்டிருந்தது ஜன்னல் வழியே தெரிந்தது. சல்லடையின் கால் தானாக அந்தப் பக்கம் திரும்பியது. மனைவி அவர் முழங்கையைக் கிள்ளினாள். அவர் முகத்தைத் திருப்பி, சம்பந்தியின் பேச்சைக் கேட்கத் தொடங்கினார்.

மாப்பிள்ளையின் தகப்பனார் ஓய்வுபெற்ற நில அளவையாளர். வாய் மூடாத மனிதர். மண்டபத்தின் நீள அகலத்தைக் கண்ணாலேயே அளந்து, கட்டியவன் ஓர் அடி ஏமாற்றியிருக்கிறான் என்று காலையிலிருந்து பார்ப்பவரிடமெல்லாம் நிறுவிக்கொண்டிருந்தார். அப்படிப்பட்டவர் சாப்பிட்டு எழுந்து வந்தபோது வாயே திறக்கவில்லை.

முதலில் இதைக் கவனித்தவர் மைத்துனர்.

“அக்கா, சம்பந்தி மூஞ்சி சரியில்ல.”

“என்னாச்சு?”

“சாப்பாடு எப்படின்னு கேட்டேன். தலையைத் திருப்பிக்கிட்டார்.”

செய்தி மண்டபத்தைச் சுற்றி வர அதிக நேரம் ஆகவில்லை. ஜன்னலோர வரிசையில் உட்கார வைத்தது மரியாதைக் குறைவாகிவிட்டது என்றார் ஒருவர். இனிப்பு இரண்டாம் முறை வரவில்லையாம் என்றார் இன்னொருவர். மனைவியின் அக்காள், காரணம் எதுவென்று தெரியாமலே கண்ணைத் துடைக்க ஆரம்பித்தாள். ஒரு பெரியவர் போய்க் கைகூப்பி மன்னிப்புக் கேட்டார். சம்பந்தி உதட்டை இறுக்கிக்கொண்டு வேகமாகத் தலையாட்டினார். மன்னிக்க மாட்டாராம் என்று அதற்கு உரை எழுதினார்கள்.

மேடையில் மாப்பிள்ளை மணப்பெண்ணிடம் தாழ்ந்த குரலில் கேட்டான்.

“எங்கப்பாகிட்ட உங்க வீட்ல யார் என்ன சொன்னீங்க?”

“யாரும் ஒண்ணும் சொல்லல. உங்கப்பா ஏன் இப்படி உர்ருனு இருக்கார்?”

“உர்ருனா? மரியாதையா பேசு.”

கல்யாணமாகி அரைநாள் ஆகவில்லை. சல்லடை மகளின் முகத்தைப் பார்த்தார். பிறகு சம்பந்தியின் முகத்தைப் பார்த்தார். கன்னம் உள்ளே விழுந்திருந்தது. உதடு கோடு கிழித்தாற்போல் ஒட்டியிருந்தது.

‘ஐயோ’ என்றது அவர் மனம். ‘இங்கேயுமா?’

அவர் மெல்லப் போய்ச் சம்பந்தியின் காதருகே குனிந்தார்.

“ஒரு பொருள் தொலைஞ்சு போச்சுங்களா?”

சம்பந்தியின் கண்கள் அகன்றன.

“டிஷ்யூல சுத்தி வச்சீங்களா?”

தலை மேலும் கீழும் அசைந்தது.

“சட்டைப் பை, கால்சட்டைப் பை, சம்பந்தியம்மா கைப்பை, எல்லாம் பார்த்தாச்சா? நல்லா பார்த்தாச்சா?”

கேட்டது மட்டுமல்லாமல், தாமே ஒவ்வொரு பையையும் தட்டிப் பார்த்தார். பட்ட அனுபவம் அப்படி. எங்கும் இல்லை. சம்பந்தி அவருடைய மணிக்கட்டை இறுகப் பற்றி, ஒரு விரலை உதட்டின் மேல் வைத்தார். வெளியே தெரியக்கூடாது, யாரிடமும் சொல்லக்கூடாது. தம் பிள்ளைக்கே தெரியாதாம்.

அந்த நேரத்தில்தான் புகைப்படக்காரர் குரல் கொடுத்தார்.

“குடும்பப் போட்டோ! எல்லாரும் மேடைக்கு வாங்க. எனக்கு அடுத்த ஆர்டர் இருக்கு. இதை விட்டா அப்புறம் கிடையாது.”

மனைவி மேடையிலிருந்து கையசைத்தாள். தன் பக்கத்தில் இடம்விட்டு நின்றாள். சல்லடைக்கு ஒரு கணம் அந்தப் பழைய வங்கி மேலாளரின் மீது வந்த கோபம் அத்தனையும் திரும்ப வந்தது. உலகத்துப் பல்லையெல்லாம் தேடிக் கொடுக்கத் தம்மை யார் நியமித்தார்கள்? போய் மேடையில் நிற்கலாம். பல் இல்லாவிட்டால் ஒரு மனிதர் செத்தா போவார்? ஆனால் பின்வாசலில் வண்டி வந்து நிற்கும் சத்தம் கேட்டது. பீப்பாய் ஏறிவிட்டால் முடிந்தது. மகளோ மாப்பிள்ளையைப் பார்க்காமல் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அஞ்சு நிமிஷம்” என்றார் மனைவியிடம், மேடைக்குக் கீழிருந்தே.

“எங்க போறீங்க?”

“பின்னாடி.”

“பின்னாடி என்ன இருக்கு?” என்று கேட்ட மனைவிக்குப் பின்னாடி என்ன இருக்கிறது என்பது உடனே நினைவுக்கு வந்தது. அவள் முகம் மாறிய விதத்தை அவர் முழுதாகப் பார்க்கவில்லை; குரலை மட்டும் கேட்டார். “போங்க. தாராளமா போயிட்டு வாங்க. என் தம்பி இருக்கான்.”

மைத்துனர் ஏற்கெனவே மஞ்சள் சட்டைக்கு மாறியிருந்தார்.

பின்வாசலில் நான்கு பீப்பாய்கள். வண்டியின் பின்கதவு திறந்து கிடந்தது. சமையல்காரர் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

“ஜன்னல் பக்கத்து வரிசை எதுல போட்டீங்க?” என்றார் சல்லடை.

“அதெல்லாம் யாருக்குத் தெரியும்? எல்லாத்தையும் ஒண்ணாத்தான் போட்டோம்.”

“ஒண்ணாப் போட்டீங்க. அதுதான் தெரியுதே. எது கடைசியா நிரம்புனது?”

சமையல்காரர் ஒரு பீப்பாயைக் காட்டினார். சல்லடை புதுச் சட்டையைக் கழற்றி அதன் விளிம்பில் போட்டார். கை பழகிய வழக்கம், யோசித்துச் செய்யவில்லை. பனியனோடு நின்று, ஒரு பழைய தார்ப்பாயை விரித்து, மேலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக அள்ளிப் பரப்பினார். பல்செட்டைக் கண்ணால் தேடக்கூடாது. கசங்கிய டிஷ்யூ எல்லாம் கண்ணுக்கு ஒன்றுதான். ஒவ்வொன்றையும் தூக்கிப் பார்க்க வேண்டும். பல் இருந்தால் கை சொல்லும். சமையல்காரரின் கரண்டிகள் ஒரு பிடி கிடைத்தன. தண்ணீர் பாட்டில்கள், பாதி நிறைந்தவை, எண்ணி மாளவில்லை. கடித்துப் போட்ட இனிப்புகள். தரையிலும் இதே கூத்துதான் என்றால் கப்பலை மட்டும் குறை சொல்லி என்ன பயன் என்று பல்லைக் கடித்தபடி அவர் தூக்கிப் போட்டுக்கொண்டே போனார்.

ஒரு டிஷ்யூ கனத்தது.

சமையலறைக் குழாய்க்கு ஓடினார். உப்புப் போட்டுத் தேய்த்து, வெந்நீரில் அலசி, தம்முடைய துணிக் கைக்குட்டையில் சுற்றினார். மறந்தும் டிஷ்யூவைத் தொடவில்லை. திரும்பி வந்து பார்த்தால் பின்வாசல் வெறிச்சென்று இருந்தது. பீப்பாய்கள் இல்லை. தார்ப்பாய் இல்லை. தெருமுனையில் வண்டி திரும்பிக்கொண்டிருந்தது.

“என் சட்டை எங்கய்யா?”

“பீப்பாய் மேல ஒரு துணி கிடந்துச்சு. குப்பைன்னு நினைச்சு உள்ள தள்ளிட்டோம்” என்றார் சமையல்காரர்.

“விளிம்புல போட்டிருந்தேனே! விளிம்புல போட்டிருந்தா என்ன அர்த்தம்?”

சமையல்காரர் அவரை மேலும் கீழும் பார்த்தார். “என்ன அர்த்தம்?”

சல்லடை தெருமுனையைப் பார்த்தார். வாழ்நாளெல்லாம் பிரித்துப் பிரித்துப் போட்டவருடைய சட்டை, சோற்றோடும் பாட்டிலோடும் கலந்து ஒரே பீப்பாயில் போய்க்கொண்டிருந்தது.

மண்டபத்துக்குள் நிலைமை முற்றியிருந்தது. மைத்துனர் தகப்பன் இடத்தில் போய் நின்றதும், சம்பந்தி முன்வரிசை நாற்காலியில் உட்கார்ந்து கைகட்டிக்கொண்டாராம். யார் அழைத்தும் மேடை ஏறவில்லையாம். புகைப்படக்காரர் கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டிக்கொண்டிருந்தார். மனைவியின் அக்காள் இப்போது சத்தமாகவே அழுதாள்.

அந்தக் கூட்டத்துக்கு நடுவே சல்லடை பனியனோடு நடந்து வந்தார். நேராகச் சம்பந்தியிடம் போய், அவரை அணைத்துக்கொள்வதுபோல் குனிந்து, கைக்குட்டையைக் கையில் திணித்தார். சம்பந்தி கைக்குட்டைக்குள் முகத்தைப் புதைத்தார். அவருடைய தோள்கள் இரண்டு தடவை குலுங்கின; கீழ்வரிசை சற்று முரண்டு பிடித்திருக்க வேண்டும்.

“ஐயோ, சம்பந்தி ரெண்டு பேரும் கட்டிப் புடிச்சு அழறாங்க!” என்றது ஒரு பெண் குரல். மண்டபமே நெகிழ்ந்துபோனது.

சம்பந்தி நிமிர்ந்தார். காலையில் விட்ட இடத்திலிருந்து குரல் தொடங்கியது.

“எனக்கென்ன கோபம்? பொண்ணோட அப்பா இல்லாம ஒரு போட்டோவா? அளவு தப்பா போயிடாது? அதான் உக்காந்துட்டேன்!”

மாப்பிள்ளை மணப்பெண்ணைப் பார்த்தான். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஆனால் அது முன்பு திருப்பிய திருப்பல் இல்லை.

“சீக்கிரம், சீக்கிரம்! சார், சட்டை?” என்றார் புகைப்படக்காரர்.

எல்லோருடைய கண்களும் பனியனிலிருந்து மைத்துனருக்குத் தாவின. மனைவி ஒரு வார்த்தைதான் சொன்னாள்.

“கழட்டுடா.”

“அக்கா…”

“எதுக்கும் இருக்கட்டும்னுதானே தச்சே? கழட்டு.”

அந்தச் சட்டைக்குள் இரண்டு சல்லடைகள் நுழையலாம். தோள் முழங்கை வரை தொங்கியது. மனைவி அவசர அவசரமாகப் பின்பக்கம் ஒரு கொத்து துணியைப் பிடித்து ஊக்குக் குத்தினாள். குத்தும்போது அவர் முதுகில் கொஞ்சம் பட்டது. தற்செயல் என்று அவர் நம்பவில்லை.

அந்தப் படம் இப்போது பழைய படத்துக்குப் பக்கத்தில் தொங்குகிறது. மைத்துனர் இதில் இல்லை; பனியனோடு தூணுக்குப் பின்னால் நின்றார். சம்பந்தி முப்பத்திரண்டும் தெரியச் சிரிக்கிறார்.

சல்லடை யாரிடமும் உண்மையைச் சொல்லவில்லை. கொடுத்த வாக்கு அது. அதனால் வந்த தொல்லைகளும் குறைவில்லை. குப்பையைப் பார்க்காமல் அரைநாள் இருக்க முடியாமல் ஓடிப்போய், சட்டையையும் தொலைத்துவிட்டு வந்தார் என்பது மனைவியின் தீர்ப்பு. அதே வேளையில், முகம் கொடுத்துப் பேசாத சம்பந்தியை ஒரே வார்த்தையில் அழவைத்த மனிதர் என்று உறவினரிடையே பெயர் பரவிவிட்டது. பேச்சுவார்த்தை இல்லாத அண்ணன் தம்பிகள், மாமியார் மருமகள்கள் என்று ஆள் மாற்றி ஆள் அவரைத் தேடி வருகிறார்கள்.

“அப்படி என்னதான் சொன்னீங்க அவர்கிட்ட? எங்களுக்கும் வந்து ஒரு வார்த்தை சொல்லுங்களேன்.”

“நான் ஒண்ணும் சொல்லலைங்க.”

“பெரிய மனுஷன் பேசுற பேச்சைப் பாரு!” என்று வியந்துகொண்டு போகிறார்கள்.

போன வாரம் சம்பந்தி வீட்டுக்கு வந்தார். மைத்துனர் அவருக்கும் மிதக்கும் சொர்க்கத்தில் இரண்டு சீட்டு விற்றிருந்தார். சல்லடை வேலை பார்க்கும் அதே கப்பல். அவர் பணிக்குத் திரும்பும் அதே பயணம். வாசல்வரை வழியனுப்பப் போன சல்லடை, யாரும் கேட்காத குரலில் ஆரம்பித்தார்.

“சம்பந்தி, அங்க சாப்பிடும்போது…”

“தெரியும், தெரியும். டிஷ்யூ கிடையாது.” சம்பந்தி பையைத் தட்டினார். “டப்பா வாங்கிட்டேன்.”

“மூடியில உங்க பேரு எழுதிடுங்க.”

“எழுதினா எல்லாருக்கும் தெரிஞ்சுடுமே?”

சல்லடை கண்ணை மூடித் திறந்தார். “சரி, எழுத வேணாம். என் பேரை எழுதுங்க. நேரா என் மேசைக்கே வந்துடும்.”

உள்ளே, பேத்தி புதுப் படத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

“பாட்டி, போட்டோல எல்லாரும் சிரிக்கிறாங்க. தாத்தா மட்டும் ஏன் எங்கயோ பார்த்து முறைக்கிறார்?”

“போட்டோக்காரருக்குப் பின்னாடி யாராவது எதையாவது தப்பான தொட்டியில போட்டிருப்பாங்க.”

சொல்லிக்கொண்டே அவள் காலியான பிளாஸ்டிக் தயிர்க் கிண்ணத்தைக் காகித உறையோடு சேர்த்து முட்டை ஓட்டுத் தொட்டியில் போட்டாள். வாசலிலிருந்து திரும்பிய சல்லடை அதைப் பார்த்தார். தோளில் போட்டிருந்த துண்டை எடுத்து அந்தத் தொட்டியின் விளிம்பில் போட்டுவிட்டு, கைகழுவப் போனார். திரும்பி வந்தபோது தொட்டி அப்படியே இருந்தது. துண்டைத்தான் காணோம், அது துவைக்கிற துணிகளோடு ஊறிக்கொண்டிருந்தது.